பழைய கிழிசலா, புதிய காயமா: முழங்கால் மூட்டுக்கு நோய்க்குறியீடு இடும் முறை

அமெரிக்க மருத்துவமனைகளில் எழுதப்படும் மருத்துவக் குறிப்புகளைப் படித்து, அவற்றில் பதிவான ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் உரிய எண்ணெழுத்துக் குறியீட்டைக் கண்டெடுத்துத் தருவதே மெடிக்கல் கோடிங் என்று சென்னையிலும் கோயம்புத்தூரிலும் திருச்சியிலும் அறியப்படும் பணியாகும். இப்பணியில் எலும்பியல் பிரிவுக்கு அனுப்பப்படும் புதியவர் முதலில் தடுமாறும் இடம் பெரும்பாலும் முழங்கால்தான். அந்த ஒரே மூட்டில் எலும்பு, குருத்தெலும்பு, இணைப்புநார், தசைநாண் எனப் பல உறுப்புகள் நெருங்கி அமைந்திருப்பது அதற்கு ஒரு காரணம். ஒரே கிழிசல் அதன் வயதைப் பொறுத்துக் குறியீட்டு நூலின் இரு வேறு அத்தியாயங்களுக்குச் சென்றுவிடுவது அதைவிடப் பெரிய காரணம். இந்த இரண்டாவது சிக்கலைத் தெளிவாகப் பிடித்துக்கொண்டவருக்கு எஞ்சியவை பயிற்சியால் கைவந்துவிடும் என்பதால், இப்பகுதி அதற்கே மிகுந்த இடம் தருகிறது.

வேலை தொடங்குமுன்

உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாடான ஐசிடி-10ஐ அமெரிக்காவின் தேசிய சுகாதாரப் புள்ளியியல் மையம் தன் நாட்டுத் தேவைக்கு ஏற்ப விரித்து அமைத்ததே ஐசிடி-10-சிஎம் ஆகும். அது 2015 அக்டோபர் 1 முதல் அங்கு நடைமுறையில் உள்ளது. அதற்கு முன்பிருந்த ஒன்பதாம் பதிப்பில், முழங்காலின் சிலுவை இணைப்புநார்ச் சுளுக்கு முழுவதற்கும் 844.2 என்ற ஒரே குறியீடுதான் இருந்தது. முன்நாரா பின்நாரா, வலக்காலா இடக்காலா என்பதை அது சொல்லவில்லை. இன்றைய முறையில் இவை அனைத்தும் குறியீட்டுக்குள்ளேயே வந்துவிடுவதால், மருத்துவக் குறிப்பைப் படிக்கும் கண்ணும் அதற்கேற்பக் கூர்மை பெற வேண்டியிருக்கிறது.

குறியீட்டு நூல் ஆண்டுதோறும் அக்டோபர் 1 அன்று புதுப்பிக்கப்படுகிறது. ஏப்ரல் 1 அன்றும் மாற்றங்கள் வருவதுண்டு. எனவே புறநோயாளியின் குறிப்புக்குச் சிகிச்சை நடந்த நாளில் நடப்பிலிருந்த பதிப்பையும், உள்நோயாளியின் குறிப்புக்கு அவர் வீடு திரும்பிய நாளில் நடப்பிலிருந்த பதிப்பையும் பயன்படுத்த வேண்டுமே தவிர, குறியீட்டாளர் கணினி முன் அமரும் நாளின் பதிப்பை அல்ல. நூலின் தொடக்கத்தில் உள்ள அலுவல்முறை வழிகாட்டு நெறிகளையும் அதே ஆண்டுக்குரியவையாக வைத்துக்கொள்வது அவசியம்.

தெரிந்திருக்க வேண்டிய உடற்கூறு

தொடை எலும்பின் கீழ்முனையும், டிபியா எனப்படும் கீழ்க்காலின் பெரிய எலும்பினுடைய மேல்முனையும் சந்திக்கும் மூட்டு இது. அதன் முன்புறத்தில் பட்டெல்லா எனப்படும் முழங்கால் சில்லு அமைந்துள்ளது. எலும்பை எலும்போடு பிணைப்பது லிகமென்ட் என்னும் இணைப்புநார். தசையை எலும்போடு பிணைப்பது டெண்டன் என்னும் தசைநாண். மூட்டின் நடுவே ஒன்றையொன்று குறுக்காகக் கடக்கும் இரு சிலுவை நார்களில் முன்னது ஏசிஎல் என்றும் பின்னது பிசிஎல் என்றும், பக்கவாட்டு நார்களில் உட்புறத்தது எம்சிஎல் என்றும் வெளிப்புறத்தது எல்சிஎல் என்றும் குறிப்புகளில் சுருக்கி எழுதப்படும். இரு எலும்புகளுக்கும் இடையே அதிர்வு தாங்கும் பிறை வடிவக் குருத்தெலும்புத் தட்டு மெனிஸ்கஸ் ஆகும்; ஒவ்வொரு முழங்காலிலும் உட்புறம் ஒன்று, வெளிப்புறம் ஒன்று என அவை இரண்டு. ‘மீடியல்’ என்றால் உட்புறம், ‘லேட்டரல்’ என்றால் வெளிப்புறம்.

முதற்கேள்வி: காயத்தின் வயது

திடீரென நேர்ந்து, இப்போது சிகிச்சை பெறும் காயங்கள் பத்தொன்பதாம் அத்தியாயத்தில் எஸ் என்னும் எழுத்தில் தொடங்கும் குறியீடுகளைப் பெறுகின்றன. பழைய காயத்தால் எஞ்சிய கோளாறும், தேய்மானத்தால் வந்த கோளாறும், மீண்டும் மீண்டும் நிகழும் விலகலும் தசை-எலும்பு நோய்களுக்கான பதின்மூன்றாம் அத்தியாயத்தில் எம் என்னும் எழுத்தில் தொடங்கும் குறியீடுகளைப் பெறுகின்றன. மெனிஸ்கஸ் கிழிசல் புதியதாயின் எஸ்83.2 வகைக்கும், பழைய கிழிசலின் விளைவாயின் எம்23.2 வகைக்கும், தேய்ந்து சிதைந்ததாயின் எம்23.3 வகைக்கும் செல்லும். முழங்கால் சில்லு இப்போது விலகியிருந்தால் எஸ்83.0, அடிக்கடி விலகும் இயல்புடையதாயின் எம்22.0.

இத்தனை நாள் கடந்தால் காயம் பழையதாகிவிடும் என்று வழிகாட்டு நெறிகள் எந்தக் காலவரையையும் வகுக்கவில்லை. ஆகவே ஆறு வாரம், மூன்று மாதம் என்று அலுவலகத்தில் வாய்வழியாகப் புழங்கும் கணக்குகளை நம்பிக் குறியீட்டாளர் தாமே முடிவெடுப்பது தவறாகும். முடிவெடுக்க வேண்டியவர் சிகிச்சை அளித்த மருத்துவர், அதற்கான சான்று அவருடைய எழுத்து. ‘அக்யூட்’, ‘விளையாடும்போது முறுக்கிக்கொண்டார்’, ‘நேற்று விழுந்தார்’ போன்ற சொற்கள் எஸ் பக்கம் அழைத்துச் செல்பவை. ‘க்ரானிக்’, ‘ஓல்டு’, ‘டிஜெனரேட்டிவ்’, ‘ரெக்கரண்ட்’ போன்ற சொற்கள் எம் பக்கம் அழைத்துச் செல்பவை. இருவகைச் சொற்களும் ஒரே குறிப்பில் காணப்பட்டாலோ, இரண்டுமே இல்லாவிட்டாலோ மருத்துவரிடம் வினவல் அனுப்புவதைத் தவிர நேர்மையான வழி வேறில்லை.

இங்குப் பலரும் கவனிக்கத் தவறும் நுட்பம் ஒன்று உண்டு. புதிய மெனிஸ்கஸ் கிழிசலைப் பற்றி நூல் கேட்பது அதன் வடிவத்தை: வாளியின் பிடிபோல் வளைந்து விலகிய பக்கெட் ஹேண்டில் கிழிசலா, ஓரக் கிழிசலா, பல திசைகளில் ஓடும் சிக்கலான கிழிசலா, வேறு வகையா என்பதே அங்குப் பிரிவு. பழைய கிழிசலைப் பற்றி நூல் கேட்பதோ அதன் இடத்தை: பிறையின் முன்கொம்பா, பின்கொம்பா, வேறு பகுதியா என்பதே அங்குப் பிரிவு. வலக்கால் உட்புற மெனிஸ்கஸின் பக்கெட் ஹேண்டில் கிழிசல் புதிதாயின் எஸ்83.211 என்று தொடங்கும். அதே மெனிஸ்கஸின் பின்கொம்பில் உள்ள பழைய கிழிசல் எம்23.221 ஆகும். ஆதலால் வயதை முதலில் உறுதிசெய்த பிறகே வடிவத்தையோ இடத்தையோ தேட வேண்டும். வரிசையை மாற்றினால் தேவையற்ற விவரத்தைத் தேடி நேரம் போய்விடும்.

எஸ்83 வகையின் உட்பிரிவுகள்

முழங்கால் மூட்டின் விலகலும் சுளுக்கும் எஸ்83 என்ற தலைப்பின்கீழ் வருகின்றன. சுளுக்கு என்ற சொல் தமிழ்ப் பேச்சில் எண்ணெய் தடவி நீவிவிடும் சிறு வலியை நினைவூட்டுவதால், முற்றாக அறுந்துபோன ஏசிஎல்லும் இதே தலைப்பில்தான் வருகிறது என்பதை ஏற்கப் புதியவருக்குச் சற்றுத் தயக்கம் ஏற்படும். ஆனால் தலைப்பின்கீழ் உள்ள சேர்ப்புக் குறிப்பு, காயத்தால் நேர்ந்த இணைப்புநார்க் கிழிசல், அறுபடல், எலும்பிலிருந்து பிய்தல், மூட்டுக்குள் இரத்தம் தேங்கல் ஆகிய அனைத்தையும் இதனுள் அடக்குகிறது.

- எஸ்83.0: முழங்கால் சில்லின் விலகல், பகுதி விலகல்
- எஸ்83.1: முழங்கால் மூட்டே விலகுதல்
- எஸ்83.2: மெனிஸ்கஸின் புதிய கிழிசல்
- எஸ்83.3: மூட்டுப் பரப்புக் குருத்தெலும்பின் புதிய கிழிசல்
- எஸ்83.4: பக்கவாட்டு இணைப்புநார்கள் (உட்புறம் எஸ்83.41, வெளிப்புறம் எஸ்83.42)
- எஸ்83.5: சிலுவை இணைப்புநார்கள் (முன்நார் எஸ்83.51, பின்நார் எஸ்83.52)
- எஸ்83.6: டிபியாவும் கீழ்க்காலின் சிறிய எலும்பான ஃபிபுலாவும் சந்திக்கும் மேல்மூட்டு
- எஸ்83.8, எஸ்83.9: குறிப்பிடப்பட்ட பிற பகுதிகள், பகுதி குறிப்பிடப்படாதவை

முழங்கால் சில்லுக்குக் கீழுள்ள பட்டெல்லார் டெண்டன் அறுந்தால் அது எஸ்83இல் வராது, எஸ்76.1இல் வரும். எலும்பு முறிவுகளும் இங்கு வருவதில்லை. சில்லு முறிவு எஸ்82.0, டிபியாவின் மேல்முனை முறிவு எஸ்82.1, தொடை எலும்பின் கீழ்முனை முறிவு எஸ்72.4. கன்றிய காயத்துக்கு எஸ்80.0, சிராய்ப்புக்கு எஸ்80.21, திறந்த காயத்துக்கு எஸ்81.0 என்பன உரியவை.

குறியீட்டைக் கண்டெடுக்கும் படிகள்

1. குறிப்பு முழுவதையும் ஒருமுறை படித்து முடிக்க வேண்டும். நோயாளி வந்த காரணம், காயம் நேர்ந்த விதம், பரிசோதனை, மருத்துவரின் இறுதி மதிப்பீடு ஆகியவற்றை இணைத்துப் பார்க்காமல் மதிப்பீட்டு வரியை மட்டும் படிப்பவர் காயத்தின் வயதையே தவறவிடுவார்.

2. மருத்துவர் உறுதிசெய்த நோய்களைத் தனியே பட்டியலிட வேண்டும். புறநோயாளிக் குறிப்பில் ‘இருக்கலாம்’, ‘ஐயம்’, ‘இல்லையென உறுதிசெய்ய வேண்டும்’ என்று எழுதப்பட்டவற்றுக்கு நோய்க்குறியீடு கிடையாது. ‘வலது முழங்காலில் காயம், ஏசிஎல் கிழிசலாக இருக்கலாம்’ என்று மட்டும் இருந்தால், வலக்கீழ்க்காலின் குறிப்பிடப்படாத காயம் என்னும் எஸ்89.91எக்ஸ்ஏ வரை செல்லலாமே தவிர எஸ்83.511ஏ இட முடியாது. குறுகியகால (அக்யூட்) சிகிச்சை மருத்துவமனையின் உள்நோயாளி வீடு திரும்பும்போது இவ்வாறு எழுதப்பட்டிருந்தால் நெறி வேறு. அங்கு அந்நோய் உள்ளதாகவே கொள்ளப்படும்.

3. ஒவ்வொன்றுக்கும் காயத்தின் வயதை முடிவுசெய்து, எஸ் அல்லது எம் அத்தியாயத்தைத் தேர வேண்டும்.

4. அகரவரிசை அட்டவணையில் முதன்மைச் சொல்லைத் தேட வேண்டும். முழங்கால் என்ற உறுப்புப் பெயரில் தேடினால் பயனில்லை. சுளுக்கு, கிழிசல், விலகல் போன்ற நிலையின் பெயரில் தேடி, அதன்கீழ் உறுப்பைக் காண வேண்டும். அறுந்த இணைப்புநாரைத் தேடினால் அட்டவணை சுளுக்கு என்ற சொல்லுக்கு வழிகாட்டும்.

5. அட்டவணையில் கிடைத்ததை வரிசைப் பட்டியலில் சரிபார்க்க வேண்டும். தலைப்பின்கீழ் உள்ள சேர்ப்புக் குறிப்பும் விலக்குக் குறிப்புகளும் அங்குதான் இருக்கின்றன. முதல்வகை விலக்கு இரண்டையும் பொதுவாக ஒருசேர இடக்கூடாது என்கிறது. இரண்டாம் வகை விலக்கு, இரண்டு நிலைகளும் நோயாளிக்கு இருந்தால் இரண்டையும் இடலாம் என்கிறது.

6. பக்கத்தைப் பொருத்த வேண்டும். எஸ்83இன் பெரும்பாலான இடங்களில் ஆறாம் எழுத்து 1 என்றால் வலம், 2 என்றால் இடம், 9 என்றால் குறிப்பிடப்படாதது, ஆயினும் எஸ்83.20 போன்ற இடங்களில் இந்த ஒழுங்கு மாறுவதால் ஒவ்வொரு முறையும் விளக்கத்தைப் படித்தே எழுத வேண்டும். இரு முழங்கால்களுக்கும் சேர்த்து ஒரே குறியீடு எஸ்83இல் இல்லை. வலத்துக்கும் இடத்துக்கும் தனித்தனியே இட வேண்டும்.

7. ஏழாம் எழுத்தைச் சேர்க்க வேண்டும். குறியீட்டில் ஆறு இடங்கள் நிரம்பவில்லை என்றால் காலி இடத்தை எக்ஸ் கொண்டு நிரப்பிய பின்னரே அதைச் சேர்க்க முடியும். வலது முழங்காலின் கன்றிய காயம் எஸ்80.01எக்ஸ்ஏ ஆவது இதனால்தான்.

8. வரிசைப்படுத்த வேண்டும். மருத்துவரின் மதிப்பீட்டிலும் சிகிச்சையிலும் முதன்மை பெற்ற கடுமையான காயம் முதலில் வரும்.

ஏழாம் எழுத்து

ஏ, டி, எஸ் என்னும் மூன்றும் முறையே தொடக்கச் சந்திப்பு, தொடர்சந்திப்பு, பின்விளைவு என்று நூலில் பெயர் பெற்றுள்ளன. இந்தப் பெயர்களே புதியவரைத் திசைதிருப்புபவை. நோயாளி அந்த மருத்துவரிடம் முதன்முறை வந்தாரா என்பது ஒரு பொருட்டே அல்ல. காயத்துக்கு நேரடிச் சிகிச்சை நடந்துகொண்டிருக்கிறதா என்பதே அளவுகோல். அவசரப் பிரிவில் பார்த்த நாளும், மறுவாரம் எலும்பியல் மருத்துவர் ஆராய்ந்த நாளும், பின்னர் ஏசிஎல்லைச் சீரமைத்த அறுவைச் சிகிச்சை நாளும் மூன்றுமே ஏ பெறும். சிகிச்சை முடிந்து குணமடையும் கட்டத்தில் நடக்கும் மறுபரிசோதனையும் இயன்முறைச் சிகிச்சையும் டி பெறும். எம்22, எம்23 போன்ற எம் குறியீடுகளில் இந்த ஏழாம் எழுத்து வராது.

எலும்பு முறிவுகளுக்கு எழுத்துகள் இன்னும் கூடுதல். எஸ்82 வகையில் மூடிய முறிவுக்கு ஏ, திறந்த முறிவுக்கு அதன் தரத்தைப் பொறுத்து பி அல்லது சி எனவும், தொடர்கட்டத்தில் குணமாதல் தாமதமாகிறதா, எலும்பு சேரவில்லையா, கோணலாகச் சேர்ந்ததா என்பதைப் பொறுத்து வேறு எழுத்துகளும் உள்ளன. திறந்ததா மூடியதா என்று மருத்துவர் எழுதாவிட்டால் மூடியது என்றும், விலகியதா விலகாததா என்று எழுதாவிட்டால் விலகியது என்றும் கொள்வதே நெறி.

குறிப்பு: காயத்தின் தொடர்சிகிச்சைக்குப் பிற்பராமரிப்புக்கான இசட் குறியீட்டை இடும் பழக்கம் வேறு பிரிவுகளிலிருந்து வருபவரிடம் காணப்படுகிறது. ஏழாம் எழுத்து உள்ள காயக்குறியீடுகளுக்கு அது பொருந்தாது. காயக்குறியீட்டையே டி சேர்த்து இட வேண்டும்.

அடிக்கடி நேரும் தவறுகள்

எம்ஆர்ஐ அறிக்கையில் கண்டதையெல்லாம் அறுவை மருத்துவரின் சந்திப்புக்குக் குறியீடாக்குவதே இவற்றில் மிகக் கேடானது. கதிரியல் மருத்துவர் தமது அறிக்கைக்காக அனுப்பும் காப்பீட்டுக் கோரிக்கையில் அவர் உறுதிசெய்த முடிவைக் குறியீடாக்கலாம். ஆனால் எலும்பியல் மருத்துவரின் சந்திப்புக்கு அவர் தமது மதிப்பீட்டில் ஏற்று எழுதியதே செல்லும். அறிக்கையில் மட்டும் உள்ள தேய்மானக் கிழிசலைப் புதிய காயமாக மாற்றிவிடும் ஆபத்தும் இங்குதான் உள்ளது.

உட்புற மெனிஸ்கஸ் என்று தெளிவாக எழுதப்பட்டிருந்தும், வடிவம் சொல்லப்படவில்லை என்பதற்காக எஸ்83.206 இடுவது மற்றொன்று. அது எந்த மெனிஸ்கஸ் என்றே தெரியாதபோது வலக்காலுக்கு உரியது, இங்கு எஸ்83.241 என்பதே பொருத்தம். கிடைநிலைக் கிழிசல், ஆரக் கிழிசல் போன்று தனித் தலைப்பு இல்லாத வடிவங்களும் உட்புற மெனிஸ்கஸில் நேர்ந்தால் இதே எஸ்83.24இல்தான் சேரும்.

உறுதிசெய்யப்பட்ட ஏசிஎல் கிழிசலோடு எம்25.561 என்னும் முழங்கால் வலிக் குறியீட்டையும் சேர்ப்பது தேவையற்றது. வலி அக்காயத்தின் இயல்பான பகுதி. அதேபோல் ஒரே இடத்தில் கடுமையான காயம் இருக்கும்போது அங்குள்ள சிராய்ப்பையும் கன்றலையும் தனியே குறியிடுவதில்லை. திறந்த காயம் அப்படியல்ல. எஸ்83 தலைப்பே அதைச் சேர்த்து இடுமாறு பணிக்கிறது.

வினவல் அனுப்பும்போது

மருத்துவருக்கு அனுப்பும் வினவல், விடையை அவர் வாயில் திணிப்பதாக இருத்தல் ஆகாது. ‘இது புதிய கிழிசல்தானே, உறுதிசெய்க’ என்பது தவறான வினவல். ‘குறிப்பின் ஒரு பகுதியில் இரண்டு வாரத்துக்கு முன் விழுந்ததாகவும், மற்றொரு பகுதியில் க்ரானிக் என்றும் உள்ளது, கிழிசலின் தன்மையைத் தெளிவுபடுத்துக: புதிய காயம், பழைய காயத்தின் விளைவு, தேய்மானம், வேறு, தீர்மானிக்க இயலவில்லை’ என்று சான்றையும் தெரிவுகளையும் தருவது முறையான வினவல். எந்த விடை வந்தால் காப்பீட்டுத் தொகை கூடும் என்பது அதில் ஒருபோதும் இடம்பெறக் கூடாது.

பாதுகாப்பு

குறிப்பில் உள்ள பெயர், பிறந்த நாள், பதிவெண் யாவும் 1996ஆம் ஆண்டின் ஹிப்பா சட்டத்தால் காக்கப்படுபவை. ஐயம் கேட்பதற்காகத் திரையைக் கைபேசியில் படமெடுத்து நண்பர்களின் வாட்ஸாப் குழுவில் இடுவது, விவரங்களைத் தாளில் குறித்து வீட்டுக்குக் கொண்டுசெல்வது ஆகிய இரண்டும் நோயாளியின் நம்பிக்கையை உடைப்பவை, வேலையையும் பறிப்பவை. ஐயத்தைக் கேட்க வேண்டுமாயின், நோயாளியை அடையாளம் காட்டாத மருத்துவச் சொற்றொடரை மட்டும் எடுத்துக் குழுத்தலைவரிடம் கேட்பதே போதுமானது. தவறான குறியீடு நோயாளியின் ஆவணத்தில் நிலைத்து, அவருடைய பிற்காலச் சிகிச்சையையும் காப்பீட்டு உரிமையையும் பாதிக்கக்கூடும் என்பதால், வேகத்துக்காகத் துல்லியத்தை விட்டுக்கொடுப்பதும் பாதுகாப்புக் குறைபாடே.

ஒரு மாதிரிக் குறிப்பு

பயிற்சிக்காகப் புனையப்பட்ட குறிப்பு: இருபத்து நான்கு வயது ஆண், மூன்று நாள்களுக்கு முன் கால்பந்து மைதானத்தில் பொழுதுபோக்காக விளையாடும்போது ஈரப்புல்லில் வழுக்கி விழுந்து வலது முழங்காலை முறுக்கிக்கொண்டார்; வீக்கமும் முழங்காலில் சிராய்ப்பும் உண்டு; எலும்பியல் மருத்துவர் எம்ஆர்ஐயைப் பார்த்து, ஏசிஎல் முழுக் கிழிசல், உட்புற மெனிஸ்கஸின் பக்கெட் ஹேண்டில் கிழிசல், எம்சிஎல் சுளுக்கு என மதிப்பிட்டு அறுவைச் சிகிச்சையைப் பரிந்துரைக்கிறார்.

மூன்று நாள் என்ற வரியும் விழுந்த விதமும் எஸ் அத்தியாயத்தை உறுதிசெய்கின்றன. மூன்று காயங்களையும் சேர்த்துச் சொல்லும் ஒற்றைக் குறியீடு இல்லாததால் எஸ்83.511ஏ, எஸ்83.211ஏ, எஸ்83.411ஏ என மூன்றும் தனித்தனியே இடப்படும். சிராய்ப்பும் வீக்கமும் விடப்படும். வெளிக்காரணக் குறியீடுகளைக் கோரும் இடமாயின், வழுக்கி விழுந்தமைக்கு டபிள்யூ01.0எக்ஸ்எக்ஸ்ஏ, மைதானத்துக்கு ஒய்92.322, கால்பந்தாட்டத்துக்கு ஒய்93.66, பொழுதுபோக்கு நிலைக்கு ஒய்99.8 ஆகியவை பின்னால் சேரும்; இவற்றில் ஒய் எழுத்தில் தொடங்கும் மூன்றும் முதற்சிகிச்சைச் சந்திப்பில் ஒருமுறை மட்டுமே இடப்படுபவை.

ஆறு வாரம் கழித்து அறுவைச் சிகிச்சை நடக்கும் நாளில், மருத்துவர் இக்காயங்களைப் பழையவை என்று எழுதாதவரை, ஏழாம் எழுத்து ஏ ஆகவே தொடரும். அதன்பின் இயன்முறைச் சிகிச்சைக்கு வரும்போது எஸ்83.511டி முதலியவை இடம்பெறும். பல ஆண்டுகள் கழித்து அதே முழங்காலில் காயத்தின் பின்விளைவாக மூட்டுத் தேய்மானம் ஏற்பட்டதாக மருத்துவர் எழுதினால், இப்போதைய நிலையான எம்17.31 முதலிலும், அதற்கு மூலமான காயம் எஸ்83.511எஸ் என்று இரண்டாவதாகவும் இடப்படும்.